அடுக்குலகவியல் துறை ஒன்று வன்னியில் இருந்தால் அங்கே என்ன படிப்பார்கள்?

வவுனியாவிலிருந்து ஒரு தங்கச்சி கேட்டிருக்கிறார்: "நான் ஒரு நாவல் எழுதுகிறேன். கிளிநொச்சி அறிவியல் நகரில் 'அடுக்குலகவியல்' என்று ஒரு கற்பனைத் துறை. ஒன்றின்மேல் ஒன்றாகவும் பக்கம் பக்கமாகவும் இருக்கிற உலகங்களை ஆராய்வது அதன் வேலை. அங்கே படிக்க வரும் நாயகியின் அண்ணன் 2009இல் காணாமல் போனவர். அண்ணன் வீடு திரும்பிய உலகம் ஒன்றை அவள் கண்டுபிடித்து, கடைசியில் அங்கேயே போய்விடுகிறாள். இப்படி ஒரு துறையை வாசிப்பவர்கள் நம்பும்படி எப்படி அமைக்கலாம்? உண்மையான விஞ்ஞானத்தில் இதற்கு இடம் இருக்கிறதா?"

தங்கச்சி, நீங்கள் இரண்டு கேள்வி கேட்டிருக்கிறீர்கள். மூன்றாவது ஒன்றைக் கேட்காமலே முடிவு செய்துவிட்டீர்கள்: அவள் அந்த உலகத்துக்குப் போகலாம் என்று. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. ஏன் என்று சொல்ல முதலில் மற்ற இரண்டுக்கும் பதில் சொல்ல வேண்டும். நான் வன்னிப் பாடசாலைகளில் உயர்தரத்துக்குப் பௌதிகவியல் படிப்பித்தவன், சைவ சித்தாந்த வகுப்புகளிலும் இருந்து கேட்டவன். அதனால் பதில் கொஞ்சம் நீளும்.

கற்பனைத் துறை என்றதும் எழுதுபவர்கள் முதலில் கருவிகளைத்தான் கொண்டுவருகிறார்கள். நீல வெளிச்சம், சுழலும் வளையம், கண்ணாடிக் கதவு. அது எதுவும் தேவையில்லை. ஒரு துறையை நம்ப வைப்பது, அது தன் பிழையை எப்படிக் கண்டுபிடிக்கிறது என்பதுதான். ஒரு மாணவி "இது வேறு உலகம்" என்று அறிக்கை எழுதிக் கொடுத்தால், "இல்லை, இது அதே உலகம்தான், நீ தவறாகப் பார்த்திருக்கிறாய்" என்று விரிவுரையாளர் எதை வைத்துச் சொல்வார்? அந்த அளவுகோலை நீங்கள் செய்துவிட்டால் மிச்சக் கட்டடம் தானாக எழும்பும்.

சரி, பௌதிகவியலுக்கு வருவோம். 1957இல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ஜோன் வீலரிடம் கலாநிதிப் பட்ட ஆய்வு செய்த ஹியூ எவரெட் துணிந்து ஒரு வேலை செய்தார். குவாண்டம் சமன்பாட்டின்படி ஒரு துகள் இங்கேயும் அங்கேயுமாகக் கலந்த நிலையில் இருக்கலாம். ஆனால் அளந்து பார்க்கும்போது ஓரிடத்தில்தான் அகப்படுகிறது. அளந்த கணத்தில் மற்ற வாய்ப்புகள் மறைந்துவிடும் என்று ஒரு விதியைச் சமன்பாட்டுக்கு வெளியே தனியாக வைத்திருந்தார்கள். எவரெட் அந்த விதியை எடுத்தெறிந்தார். சமன்பாடு சொல்வதை அப்படியே ஏற்றுக்கொண்டால், அளப்பவரும் சேர்ந்து கிளைக்கிறார். துகளை இங்கே கண்டவர் ஒருவர், அங்கே கண்டவர் ஒருவர், இருவருக்கும் அதுவரை ஒரே ஞாபகம். பல உலகங்கள் என்ற பெயரில் இதை 1970களில் பரப்பியவர் பிரைஸ் டிவிட். எவரெட் பட்டம் பெறும் காலத்திலேயே கல்வி உலகத்தை விட்டு அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் கணக்கீட்டு வேலைக்குப் போய், 1982இல் இறந்துபோனார்.

உங்கள் கதைக்கு முக்கியமான இடம் இதற்கு அடுத்தது. பிரிந்த கிளைகள் ஒன்றையொன்று தொட முடியாது. ஏன் என்பதை 1970இலிருந்து டீற்றர் ஸே போன்றவர்கள் விளக்கினார்கள். துகள் இங்கே இருந்ததா அங்கே இருந்ததா என்ற வேறுபாட்டைச் சுற்றியுள்ள காற்று மூலக்கூறுகளும் வெளிச்சமும் உடனே பதிந்துகொண்டு எல்லாத் திசைக்கும் போய்விடுகின்றன. அவை எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் பிடித்துத் திருப்பினால்தான் கிளைகள் மறுபடி சேரும். ஒரு அணுவுக்கு ஆய்வுகூடத்தில் அதைச் செய்யலாம். ஒரு மனிதருக்கு, ஒரு தெருவுக்கு, ஒரு நாளுக்குச் செய்யவே முடியாது. ஆகவே எவரெட்டை நம்புகிற விரிவுரையாளர் உங்கள் நாயகியிடம், "அப்படி ஒரு கிளை இருக்கலாம், அங்கே போக வழி இல்லை" என்றுதான் சொல்வார்.

அடுக்கு என்ற பக்கம் பார்த்தால் வேறு கதை. எங்கள் மூன்று பரிமாண வெளிக்கு அப்பால் இன்னொரு பரிமாணம் இருக்கலாம் என்று 1921இல் கலூசாவும் 1926இல் கிளைனும் எழுதினார்கள். 1999இல் லிசா ராண்டலும் ராமன் சுந்தரமும் எங்கள் உலகம் பெரிய வெளி ஒன்றில் ஒரு படலமாக இருக்கலாம் என்று கணக்குப் போட்டார்கள். இதில் எனக்குப் பிடித்தது, சோதித்துப் பார்க்க வழி இருப்பது. ஈர்ப்பு விசை மறைந்த பரிமாணத்துக்குள் கசிந்தால், மிகக் குறுகிய தூரத்தில் நியூட்டனின் விதி பிசகும். வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் ஒரு குழு முறுக்குத் தராசு வைத்து மில்லிமீற்றரின் இருபதில் ஒரு பங்கு வரை அளந்து பார்த்தது. விதி பிசகவில்லை. உங்கள் துறையின் சுவரில் தொங்க வேண்டிய படம் இந்தத் தராசுதான். தொங்கவிட்ட சிறு தகடு ஒன்று திரும்புகிறதா என்று ஆண்டுக்கணக்கில் காத்திருக்கும் பொறுமை அந்தத் துறைக்கு வேண்டும்.

தத்துவப் பக்கம் எங்களுக்கு வெளியே போய்த் தேட வேண்டியதில்லை. சைவ சித்தாந்தம் அத்துவாக்களை, அதாவது உயிர் கடந்துபோகும் வழிகளை, எண்ணி வைத்திருக்கிறது. அவற்றில் கலை 5, தத்துவம் 36, புவனம் 224. சிவதத்துவம் வரைக்கும் படிப்படியாக ஏறும் அடுக்கு அது. மாணிக்கவாசகர் திருவண்டப் பகுதியில் நூற்றொரு கோடிக்கும் மேல் விரிந்த அண்டங்களை, வீட்டுக்குள் நுழையும் வெயில் கதிரில் தெரியும் தூசுக்கு ஒப்பிடுகிறார். ஆனால் பெருமைக்காக இதைக் கதையில் தூவிவிட்டுப் போகாதீர்கள். சித்தாந்தத்துக்கும் எவரெட்டுக்கும் நடுவில் ஒரு சண்டை இருக்கிறது, அதுதான் உங்களுக்குப் பயன்படும். சித்தாந்தத்தில் புவனங்கள் பல, ஆனால் உயிர் பிரதி எடுக்கப்படுவதில்லை. வினைக்கேற்ற உடம்போடு அது ஒரு புவனத்தில் இருக்கும், பிறகு இன்னொன்றுக்குப் போகும். எவரெட்டில் போக்குவரத்து இல்லை, ஆள் இரண்டாகிறார். உங்கள் துறையில் பௌதிகவியல் படித்து வந்த ஒருவரும் சித்தாந்தம் படித்து வந்த ஒருவரும் இந்த ஒரு விஷயத்தில் ஒத்துப்போகாமல், ஒரே பரீட்சைத் தாளைத் திருத்தி வேறு வேறு புள்ளி போடட்டும். அத்வைதி ஒருவரும் இருந்தால் இன்னும் நல்லது. அவருக்குப் பாரமார்த்திகம் (முடிந்த உண்மை), வியாவகாரிகம் (அன்றாட உண்மை), பிராதிபாசிகம் (வெறும் தோற்றம்) என்று உண்மைக்கே மூன்று படி. கயிற்றில் தெரிந்த பாம்பு கடைசிப் படி. சித்தாந்தி அதை ஒப்புக்கொள்ள மாட்டார், அவருக்கு மாயையும் உள்பொருள்.

இனி வன்னிக்கு வருகிறேன். இப்படி ஒரு துறைக்குக் கள ஆய்வு செய்ய இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியவில்லை.

1996 மே 25ஆம் தேதி இலங்கை தன் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது. வரட்சி, நீர்மின் தட்டுப்பாடு, மின்சாரத்தை மிச்சம் பிடிக்க வேண்டும் என்பது காரணம். ஒக்டோபர் 26இல் அரை மணி பின்னே இழுத்தார்கள். அதிலிருந்து 2006 ஏப்ரல் 15 வரை நாட்டின் நேரம் கிரீன்விச்சுக்கு ஆறு மணித்தியாலம் முன்னே. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதி இந்த மாற்றத்தை ஏற்கவில்லை, பழைய ஐந்தரையிலேயே நின்றது. மிச்சம் பிடிக்க அங்கே மின்சாரமும் இருக்கவில்லை. ஆக, பத்து வருடமாக ஒரு தீவுக்குள் இரண்டு நேரம்.

இதைச் சும்மா வரலாற்றுத் துணுக்காக வாசித்துவிட்டுப் போகாதீர்கள். அதற்குள் ஒரு நாள் எப்படி இருந்தது என்று பாருங்கள். பி.பி.சி. தமிழோசை வன்னியில் இரவு 9.15க்கு, கொழும்பில் அதே ஒலிபரப்பு 9.45க்கு. மல்லாவியிலோ புதுக்குடியிருப்பிலோ இருக்கும் பிள்ளை, கொழும்பில் அச்சடித்த நேரசூசிப்படி சாதாரணதரப் பரீட்சை எழுத வேண்டும். கரும்பலகையின் மூலையில் நாங்கள் இரண்டு வரி எழுதி வைப்போம்: புது நேரம் 8.30, பழைய நேரம் 8.00. அதைப் பார்க்காமல் நேரசூசியை மட்டும் பார்த்து, வீட்டு மணிக்கூட்டின்படி எட்டரைக்கு வந்து நிற்கும் பிள்ளை ஒன்று எப்படியும் இருக்கும். மண்டபத்துக்குள் எல்லோரும் எழுதிக்கொண்டிருப்பார்கள். அந்தப் பிள்ளை தன் கையில் கட்டியிருக்கும் மணிக்கூட்டைப் பார்க்கும், எங்களைப் பார்க்கும். அதன் மணிக்கூடு பிழை இல்லை.

2002 ஏப்ரலில் ஏ9 பாதை திறந்த பிறகு இது இன்னும் தெளிவாகத் தெரிந்தது. கொழும்பிலிருந்து யாழ்ப்பாணம் போகிறவர் ஓமந்தையில் காலை 10.00க்கு இராணுவச் சாவடியைக் கடந்து, நடுவிலுள்ள சூனியப் பகுதியைத் தாண்டிப் புலிகளின் சாவடிக்குப் போவார். அங்கே நேரம் பத்து ஆகியிருக்காது. வன்னியை ஊடறுத்து முகமாலைக்கு வன்னி நேரம் 12.30க்குப் போய்ச் சேர்ந்தால், அந்தப் பக்கம் ஒரு மணி. இரண்டு வாசலிலும் பஸ்ஸில் இருப்பவர்கள் கையைத் தூக்கி மணிக்கூட்டைத் திருகுவார்கள். பாதையின் இரு முனையிலும் ஒரு நேரம், நடுவில் ஒரு நேரம்.

நேரம் மட்டுமா? ஒரே ஊரில் அரசாங்க அதிபரின் கச்சேரி (மாவட்டச் செயலகம்) நடந்தது, ஆசிரியர்களுக்கும் வைத்தியசாலை ஊழியர்களுக்கும் கொழும்பிலிருந்து சம்பளம் வந்தது, அரசாங்கப் பாடப்புத்தகம் படிப்பிக்கப்பட்டது. அதே ஊரில் தமிழீழக் காவல்துறையும் நீதிமன்றமும் வங்கியும் வரியும் இருந்தன. காலையில் ஒரு அரசின் பதிவேட்டில் பிள்ளையின் பிறப்பைப் பதிந்துவிட்டு, மத்தியானம் மற்ற அரசின் நீதிமன்றத்தில் காணி வழக்குக்கு நிற்கலாம். எந்தச் சொல்லை எந்த மேசையில் சொல்ல வேண்டும் என்று சனத்துக்குத் தெரிந்திருந்தது.

உங்கள் துறை இதிலிருந்துதான் தன் முதல் அளவுகோலை எடுக்க வேண்டும் என்பேன். எட்டு மணியும் எட்டரை மணியும் இரண்டுமே சரி. எங்கே நின்று கேட்கிறோம் என்பதைச் சொன்னால் எது என்று சொல்லிவிடலாம். ஒன்றிலிருந்து மற்றதற்குப் போக ஒரு மாற்றுக் கணக்கு இருக்கிறது: அரை மணியைக் கூட்டு, அல்லது கழி. கடக்க ஒரு வாசல் இருக்கிறது, கடப்பதற்கு ஒரு விலையும் இருக்கிறது. இந்த மூன்றும் இருந்தால் அது 'அடுக்கு'. வாசலே இல்லாமல் கணக்கில் மட்டும் இருந்தால் அது 'கிளை', எவரெட்டின் உலகம் மாதிரி. முதலாம் வருடத்தில் மாணவருக்குக் கொடுக்க வேண்டிய பயிற்சி, கண்ணில் படுகிற ஒவ்வொன்றையும் இந்த இரண்டில் எதில் போடுவது என்று பிரிப்பதுதான். இரண்டிலும் அடங்காத மூன்றாவது ஒன்றும் உண்டு, அதற்குப் பிறகு வருகிறேன்.

களப்பயிற்சி என்றால் ஒரு ஏக்கர் காணியைக் கொடுங்கள். இரணைமடுவின் வாய்க்கால் பாயும் குடியேற்றத் திட்டம் ஒன்றில், அல்லது முல்லைத்தீவுப் பக்கம் காட்டோரமாக. மாணவி அங்கே போய் அந்தக் காணி எத்தனை வரைபடத்தில் எத்தனை விதமாக இருக்கிறது என்று எழுத வேண்டும். 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின்கீழ் தாத்தாவுக்குக் கிடைத்த பெர்மிற் (காணி அனுமதிப்பத்திரம்) ஒன்று, மடிப்பு மடிப்பாகக் கிழிந்து, பொலித்தீன் பையில். அந்த பெர்மிற்றில் அது வயல். வனத் திணைக்களத்தின் வரைபடத்தில் அது ஒதுக்கப்பட்ட காடு, எல்லைக் கல்லும் நட்டிருக்கிறது. கண்ணிவெடி அகற்றியவர்களின் வரைபடத்தில் அது ஒரு பலகோணம், துப்புரவு முடிந்தது என்று திகதி போட்டு. அப்பம்மாவின் சொல்லில் அது கிணறும் இரண்டு பனையும் மாட்டுப் பட்டியும். கிணறு தூர்ந்துவிட்டது, பனை செல்லடியில் தலை போய் நிற்கிறது, பட்டி இருந்த இடத்தில் பாலை மரம் முளைத்துவிட்டது.

இதில் எது அடுக்கு? கண்ணிவெடி வரைபடத்திலிருந்து வயலுக்கு மாற்றுக் கணக்கு இருக்கிறது: திகதிக்கு முன் கால் வைக்காதே, பின் வைக்கலாம். பெர்மிற்றுக்கும் காட்டு வரைபடத்துக்கும் நடுவில் அப்படி ஒரு கணக்கு இல்லை. ஒன்று சரியென்றால் மற்றது பிழை. ஒரே மண்ணை இரண்டு அலுவலகம் வேறு வேறு பெயரில் பிடித்து வைத்திருக்கின்றன, அவ்வளவுதான். "ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு உண்மை" என்று எழுதிக் கொடுக்கும் மாணவியின் அறிக்கையை விரிவுரையாளர் திருப்பிக் கொடுக்க வேண்டும். விதைக்கப் போனால் வழக்கு வருகிறது என்றால் அங்கே இரண்டு உலகம் இல்லை, ஒரு பிணக்கு இருக்கிறது.

கிளைகளுக்கும் ஒரு பயிற்சி வேண்டுமே. அதற்குக் கற்சிலைமடு. 1803 ஓகஸ்ட் 25இல் முல்லைத்தீவுக் கோட்டையை ஆங்கிலேயரிடமிருந்து பிடித்த பண்டார வன்னியன், ஒக்டோபர் 31இல் கற்சிலைமடுவில் கப்டன் வொன் ட்ரிபேர்க்கின் திடீர்த் தாக்குதலில் தோற்றார். தோல்வியைச் சொல்லும் நடுகல் ஒன்று அங்கே நாட்டப்பட்டது. அந்தத் தாக்குதல் பிசகியிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று மாணவர்கள் எழுதட்டும். ஆனால் மெய்யியலாளர் டேவிட் லூயிஸ் வைத்த ஒழுங்கில்: எங்கள் உலகத்துக்கு மிக அருகிலுள்ள உலகத்தைத்தான் எடுக்க வேண்டும், தேவைக்கு மேல் எதையும் மாற்றக் கூடாது. அன்றைய தாக்குதல் மட்டும் பிசகுகிறது. கரையோரம் முழுவதும் ஆங்கிலேயர் கையில்தான், அவர்களின் கப்பல்கள் அப்படியே, வன்னியின் உடைந்த குளக்கட்டுகளும் காய்ச்சலும் அப்படியே. ஒரு வெற்றியை வைத்து உடனே பெரிய இராச்சியம் கட்டி எழுப்புகிற கட்டுரைகளுக்குப் புள்ளி போடாதீர்கள். லூயிஸ் அந்த உலகங்கள் எல்லாம் எங்களுடையதைப் போலவே உண்மையில் இருப்பவை என்றார். இன்னொரு மெய்யியலாளர் சோல் கிரிப்கி அதை மறுத்து, சாத்திய உலகத்தைத் தொலைநோக்கி வைத்துக் கண்டுபிடிப்பதில்லை, நாங்களே வரையறுத்து வைக்கிறோம் என்றார். நான் கிரிப்கி பக்கம். உங்கள் நாயகி எந்தப் பக்கம் என்று நீங்கள் முடிவு செய்தாக வேண்டும், கதையே அதில்தான் நிற்கிறது.

நம்பிக்கை சார்ந்த அடுக்குகள் பற்றி ஒரு வார்த்தை. வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கோயிலில் வைகாசிப் பொங்கலுக்குக் கடல் நீர் எடுத்துவந்து அந்த நீரில் விளக்கெரிப்பது மரபு. மதுரையை எரித்த கண்ணகி நந்திக்கடலோரம் கிழவியாக வந்து மாடு மேய்த்த சிறுவர்களோடு பேசினாள் என்பது ஊர்க் கதை. "அது உண்மையா, இரசாயனப்படி நடக்குமா" என்று கேட்கும் வேலை உங்கள் துறைக்கு வேண்டாம். அந்தக் கதைப்படி யார் எந்த வழியால் நடக்கிறார்கள், எந்தக் குடும்பம் எதைச் சுமக்கிறது, எந்த நாள் கடலுக்குப் போகிறார்கள் என்று எழுதுங்கள். சிலப்பதிகாரத்தின் வரைபடம் முல்லைத்தீவுக் கரையின்மேல் எந்த எந்த இடத்தில் ஒட்டியிருக்கிறது என்பது அப்போது தானாகத் தெரியும். பண்பாக, தலையில் துண்டைக் கட்டாமல் இடுப்பில் கட்டிக்கொண்டு போய்க் கேட்க வேண்டிய விஷயம் அது.

இனி அண்ணன்.

அடுக்கும் இல்லை, கிளையும் இல்லை என்று சொன்ன மூன்றாவது வகை இங்கேதான் வருகிறது. 2009 தொடக்கத்தில் அரசாங்கம் சொன்ன கணக்கில் வன்னிக்குள் அகப்பட்டிருந்த சனம் ஒரு இலட்சத்துக்கும் குறைவு. மே முடிவில் மெனிக் பாம் முதலிய முகாம்களில் இருந்தவர்கள் மட்டும் இரண்டரை இலட்சத்துக்கும் மேல். குறைந்த கணக்கைக் காட்டியே உணவும் மருந்தும் குறைக்கப்பட்டன என்று ஐ.நா. செயலாளர் நாயகத்தின் நிபுணர் குழு 2011இல் எழுதியது. மேலோட்டமாகப் பார்த்தால் இங்கேயும் இரண்டு எண், இரண்டு உலகம். ஆனால் கடிகாரத்துக்கு இருந்த மாற்றுக் கணக்கு இதற்கு இல்லை. எங்கே நின்று எண்ணினாலும் பசித்த வாய்கள் அத்தனைதான். இது அடுக்கு இல்லை. மறைப்பு. உங்கள் துறையில் இதற்கு ஒரு தனிப் பெட்டி இருக்க வேண்டும், அந்தப் பெட்டியில் விழுவதைத் தூக்கி மற்ற இரண்டில் போடுவதுதான் அந்தத் துறையில் ஒருவர் செய்யக்கூடிய மிகப் பெரிய பிழை.

குவாண்டம் பௌதிகவியலே இந்த வேறுபாட்டை மிகக் கவனமாகப் பார்க்கிறது. ஒரு அளவீட்டின் விடை ஏற்கெனவே உள்ளே இருந்து எங்களுக்குத் தெரியாமல் இருக்கிறதா, அல்லது விடையே இன்னும் தீர்மானமாகவில்லையா? வெளியில் பார்க்க இரண்டும் ஒன்றுதான், "தெரியாது" என்றுதான் சொல்வோம். ஒளியைவிட வேகமாக எந்தத் தாக்கமும் பாயாது என்று வைத்துக்கொண்டால் இரண்டையும் பரிசோதனையால் பிரிக்கலாம் என்று 1964இல் ஜோன் பெல் காட்டினார். 1972இல் கிளவுசரும் 1982இல் அஸ்பேயும் செய்து பார்த்தார்கள். துகள்களின் விடை அப்படி முன்கூட்டியே உள்ளே எழுதி ஒளித்து வைக்கப்பட்டதில்லை என்று வந்தது. 2022இல் அவர்கள் இருவருக்கும் சைலிங்கருக்கும் நோபல் பரிசு கொடுத்தார்கள்.

வட்டுவாகல் பாலத்தடியில் தன் பிள்ளையைக் கையால் கூட்டிக்கொண்டு போய் இராணுவத்திடம் ஒப்படைத்தேன் என்று சாட்சி சொன்ன தாய்மார் இருக்கிறார்கள். அந்தப் பிள்ளையின் நிலை எந்தப் பௌதிகவியலின்படியும் கலந்த நிலை இல்லை. விடை இருக்கிறது. ஒரு பெயர்ப் பட்டியலில், ஒரு பஸ்ஸில் ஏற்றியவரின் ஞாபகத்தில், எங்கோ ஒரு இடத்தில் இருக்கிறது. அதைத் தெரிந்தவர்கள் இதே உலகத்தில், இதே நாட்டில் இருக்கிறார்கள். ஷ்ரோடிங்கர் 1935இல் பூனையைப் பெட்டிக்குள் வைத்து, திறக்கும்வரை அது உயிரோடு இருக்கிறதா இறந்துவிட்டதா என்று கேட்ட கேள்வியை இந்தத் தாய்மார்மேல் ஏற்றி எழுதிய கவிதைகளை நான் வாசித்திருக்கிறேன். எழுதியவர்கள் நல்ல மனதோடுதான் எழுதினார்கள். ஆனாலும் எனக்கு அது ஆகவே ஆகாது. பெட்டியைத் திறக்காமல் வைத்திருப்பவருக்கு அது ஒரு சாட்டு ஆகிவிடுகிறது.

அமெரிக்க உளவியலாளர் போலின் பொஸ் 1970களில் இருந்து இந்த மாதிரி இழப்பை ஆராய்ந்தவர். ஆள் இல்லை, ஆனால் இறந்ததாகவும் இல்லை என்ற நிலையில் குடும்பங்கள் துக்கத்தைத் தொடங்கவும் முடியாமல் முடிக்கவும் முடியாமல் நிற்கின்றன என்று எழுதினார். வீட்டுக்குள் அது உண்மையாகவே இரட்டை வாழ்க்கைதான். சோற்றை அளக்கும்போது ஒரு கை கூடிவிடுகிறது. பெர்மிற் கணவன் பேரில் இருந்தால் மனைவியால் அதைத் தன் பேருக்கு மாற்ற முடிவதில்லை, இறப்புச் சான்றிதழ் கேட்பார்கள், அவர் கொடுக்கமாட்டார். 2016இல் சட்டத்தைத் திருத்தி, இறந்தார் என்று சொல்லாமலே காணாமற்போனமைக்கு ஒரு சான்றிதழ் கொடுக்க வழி செய்தார்கள். அதை வாங்கிய குடும்பங்களும் உண்டு, வாங்கினால் தேடுவதை விட்டதாகிவிடும் என்று வேண்டாம் என்றவர்களும் உண்டு. கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயிலுக்கு முன்னால் 2017 பெப்ரவரி 20இல் உட்கார்ந்த தாய்மார் கேட்டது இன்னொரு உலகத்தை இல்லை. இந்த உலகத்தின் விடையைக் கேட்டார்கள்.

அதனால்தான் உங்கள் கடைசி அத்தியாயம் எனக்குச் சரிப்படவில்லை. நாயகி அண்ணன் இருக்கும் உலகத்துக்குப் போய்விட்டால், இங்கே யாரும் பதில் சொல்ல வேண்டியதில்லை என்று ஆகிறது. அம்மா இந்தப் பக்கத்தில் தனியாக நிற்பார், இப்போது இரண்டு பிள்ளை இல்லாமல். எவரெட்டின்படி பார்த்தாலும் அவள் அங்கே போய்ச் சந்திப்பது தன் அண்ணனை இல்லை. அங்கே ஏற்கெனவே ஒரு தங்கை இருக்கிறாள், அது அவளுடைய அண்ணன்.

அப்படியென்றால் என்ன செய்யலாம்? அவளுடைய ஆய்வை அங்கிருந்து திருப்புங்கள். இறுதி வருட ஆய்வுக்கு அவள் தன் வீட்டையே எடுக்கிறாள்: ஒரு பெர்மிற், ஒரு சான்றிதழ் விண்ணப்பம், அம்மாவின் வாக்குமூலம், அண்ணனின் பாடசாலை அடையாள அட்டை. மேற்பார்வையாளர், அந்த எவரெட் ஆள், அன்பினால்தான், இதைக் கிளை என்று வகைப்படுத்தச் சொல்கிறார். அப்படிப் போட்டால் ஆய்வு பன்னாட்டு இதழ் ஒன்றில் வரும், அவளுக்கும் ஒரு ஆறுதல். சித்தாந்தி மறுக்கிறார்: உயிர் ஒன்று, அது எங்கோ ஓரிடத்தில், எங்கே என்று தேடு. அவள் வகைப்படுத்தலை மறைப்பு என்று மாற்றி எழுதுகிறாள். மாற்றியதும் முறையே மாறிவிடுகிறது. இனி அவளுக்குத் தேவை சமன்பாடு இல்லை, திகதியும் பஸ்ஸும் சாட்சியும். பழைய நேரம் புது நேரம் பயிற்சி அங்கே கைகொடுக்கும், உதாரணத்துக்கு 2006 ஏப்ரலுக்கு முந்திய பத்திரம் ஒன்றில் இரண்டு திகதியும் ஒன்று, நேரம் மட்டும் அரை மணி முரண்படுகிறது என்றால் அது பொய்ச் சாட்சி இல்லை, இரண்டு கடிகாரம் என்று அவளால் நிரூபிக்க முடியும். 2009 பத்திரத்தில் அதே அரை மணி முரண்பட்டால் அந்தச் சமாதானம் செல்லாது, அப்போது நேரம் ஒன்றுதான். இந்த ஒரு இடத்தில் உங்கள் கற்பனைத் துறை உண்மையாகவே ஒரு வேலை செய்கிறது. ஒரு வழக்கறிஞருக்கும் தோன்றாத கேள்வியை அவள் கேட்கிறாள்.

அண்ணன் கிடைக்கிறாரா இல்லையா என்பதை நீங்கள் முடிவு செய்யுங்கள், அது எழுத்தாளரின் உரிமை. நான் சொல்வதெல்லாம் வாசலை இந்த உலகத்துக்குள் வையுங்கள் என்பதுதான்.

இடம் பற்றியும் கேட்டிருந்தால் நல்லது, கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன். அறிவியல் நகரில் இப்போது யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் விவசாய, பொறியியல், தொழினுட்ப பீடங்கள் இருக்கின்றன. பம்பைமடுவில் வவுனியாப் பல்கலைக்கழகம் 2021இல் தனியாக வந்துவிட்டது. உங்கள் துறையை அறிவியல் நகரிலேயே விடுங்கள். ஏ9 பக்கத்தில், இரணைமடு வாய்க்கால் பக்கத்தில், நாயகி சைக்கிளில் கச்சேரிக்கும் காணிக் கந்தோருக்கும் போய்வரக்கூடிய தூரத்தில் இருக்கட்டும். பீடம் எதற்குக் கீழ் வருகிறது என்ற நிர்வாகச் சண்டையையும் ஒரு பக்கம் எழுதுங்கள், பொறியியல்காரர்கள் இடம் தரமாட்டார்கள். பெர்மிற் வரும் அத்தியாயத்தை எழுதி முடித்ததும் அனுப்புங்கள், பின்னுரித்து யாருக்குப் போகும் என்ற பகுதியில் பலர் பிழை விடுகிறார்கள். முன்பு அந்தச் சட்டத்தின் அட்டவணையில் மகளுக்கு முன் மகன் என்று இருந்தது, 2022இல்தான் திருத்தினார்கள். உங்கள் கதை எந்த வருடத்தில் நடக்கிறது என்பதைப் பொறுத்து அந்தக் காணி அவளுடையதா, காணாமல் போன அண்ணனுடையதா என்பதே மாறும்.